ஏழாவது நட்சத்திரத்துக்கு நாற்பது சொற்கள்

1

கதை எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் எழுத்தாளர்கள் கண்ணை மூடிக்கொண்டு ஆழ்மனம், கனவு என்று ஏதேதோ சொல்வார்கள். இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்று எனக்குத் துல்லியமாகத் தெரியும். ஃபேக்ஸ் இயந்திரத்திலிருந்து வந்தது. 1995, ஏப்ரல், திங்கட்கிழமை காலை, பத்து மணி. தாள் பாதியில் சிக்கியது. நான் பிடித்து இழுத்ததில் ஒரு மூலை கிழிந்தது.

தென் இங்கிலாந்துத் துறைமுக ஊரான காஸ்போர்ட்டில், ஸ்டோக் ரோட்டில் எனக்கு ஓர் அச்சுக்கடை. இருபத்தெட்டு வருடமாகத் திருமண அழைப்பு, மீன்கடை விலைப்பட்டியல், ‘நாய்களுக்கு அனுமதி இல்லை’ இவற்றோடு காலம் தள்ளுகிறேன். இந்த ஊரில் மூன்று கிழவர்களை நிறுத்தினால் இரண்டு பேர் நீர்மூழ்கியில் இருந்தவர்கள். மூன்றாமவர் இருந்ததாகச் சொல்லிக்கொள்பவர். ஆகவே அவர்கள் சங்கம் தன் சின்னக் காட்சிக்கூடத்துக்கு விளக்க அட்டை அடிக்க வேண்டும் என்றால் என்னிடம்தான் வருவார்கள். அட்டைக்கு நாற்பது சொல், அதற்கு மேல் கூடாது. பார்க்க வருகிறவர்களுக்கு வயதாகிவிட்டதால் எழுத்து பெரிதாக இருக்க வேண்டுமாம்.

அட்டை வாசகங்கள் வந்த அந்த ஃபேக்ஸ் தாளில் இருந்த ஒரு வாக்கியம் பொய். அது பொய் என்று அப்போது எனக்குத் தெரியாது. தெரிந்த பிறகு என்ன செய்தேன் என்பதுதான் கதை. அதை எப்படித் தொடங்குவது என்று தெரியாமல் கிறுக்கிய முயற்சிகளை மறைக்காமல் கீழே வைக்கிறேன்.

முதல் முயற்சி: “1944 மே மாதத்தில் ஒரு விடியற்காலை, ஏஜியன் கடலின் மேல் மூடுபனி ஒரு—” (ஒரு என்ன? உவமை தேடி இருபது நிமிடம் போனது. மூடுபனி மூடுபனியாகத்தான் இருந்தது. விடுங்கள்.)

இரண்டாம் முயற்சி: “சாகும் தறுவாயில் சிரில் மட்ஜ் தன் மனைவியைக் கூப்பிட்டு—” (மட்ஜ் சாகவில்லை. எழுபத்திரண்டு வயதில் சைக்கிளில் போய்ச் சாமான் வாங்குகிறார். வாசகரைப் பிடித்து உட்காரவைக்க ஓர் ஆளைக் கொல்வது மலிவான வேலை. இந்தக் கதையில் செத்தவர்கள் ஏற்கெனவே இரண்டு பேர் இருக்கிறார்கள், போதும்.)

மூன்றாம் முயற்சி கீழே. முறைப்படி படகின் வரலாற்றிலிருந்து.

2

பெயர், ‘அன்ரிபென்டன்ட்’. வருந்தாதவள் என்று பொருள். நான் வைத்த பெயர் இல்லை. அந்தப் போரில் அவசர அவசரமாகக் கட்டிய சின்ன நீர்மூழ்கிகளுக்கெல்லாம் ‘அன்’ என்று தொடங்கும் பெயராகத் தேடினார்கள். அஞ்சாதவள், வளையாதவள், தளராதவள் எல்லாம் தீர்ந்துபோய், யாரோ ஓர் எழுத்தர் அகராதியில் விரல் வைத்த இடம் இது. கதைக்கு இவ்வளவு பொருத்தமாக இருக்கிறதே என்று நானே கூசிப்போய் மாற்றப் பார்த்தேன். ஆனால் சங்கத்தின் பித்தளைத் தகட்டில் பெரிதாகச் செதுக்கியிருக்கிறார்கள்.

நீர்மூழ்கியைக் கப்பல் என்று சொல்லக்கூடாது; படகு. கப்பல் என்று சொன்னால் இந்த ஊர் மதுக்கடையில் உங்களுக்கு அடுத்த கோப்பை தாமதமாக வரும்.

வருந்தாதவளின் பணி வரலாறு: 1942-இல் பாரோ கப்பல் கட்டுந்துறையில் நீரில் இறங்கினாள். தொடங்கிவைத்த அட்மிரலின் மனைவி வழக்கப்படி முகப்பில் எறிந்த ஷாம்பேன் பாட்டில் இரண்டு தடவை உடையவில்லை. மூன்றாம் தடவை ஒரு கொல்லர் பின்னாலிருந்து சுத்தியலால் உதவினார். முதல் ரோந்தில் ஒன்றும் நடக்கவில்லை. இரண்டாவதில் நான்கு டார்ப்பிடோக்களை ஒரு தீவின் மேல் விட்டாள். தீவு மூழ்கவில்லை. மூன்றாவதிலிருந்து கை திருந்தியது. போர் முடிவில் டார்ப்பிடோவால் மூழ்கடித்த சரக்குக் கப்பல் மூன்று, மேல்தளப் பீரங்கியால் மூழ்கடித்த சிறுகலம் ஏழு. 1949-இல் உடைத்தார்கள். அந்த இரும்பில் சவர பிளேடு செய்ததாகச் சொல்வார்கள். எல்லா நீர்மூழ்கியையும் பற்றி அப்படித்தான் சொல்கிறார்கள். நம்பினால் ஐரோப்பாவில் எவனுக்கும் தாடி இருந்திருக்கக் கூடாது.

படகு போனாலும் கொடி மிஞ்சியது. ரோந்து முடிந்து துறைமுகத்துக்குள் நுழையும்போது ஏற்றுகிற கறுப்பு மண்டையோட்டுக் கொடி. டார்ப்பிடோவால் மூழ்கடித்த கப்பலுக்கு ஒரு வெள்ளைப் பட்டை. பீரங்கியால் மூழ்கடித்ததற்கு ஒரு நட்சத்திரம். ஒவ்வொன்றையும் தைக்க வேண்டியது படகின் கொடிக்காரன். அவன்தான் சைகைக் கொடிகளைப் படிப்பவன், ஏற்றுபவன், கிழிந்தால் ஒட்டுப்போடுபவன். கொடித்துணிக்கு அவர்கள் வழங்கும் பெயரையே அவனுக்கும் வைத்து, ‘பண்ட்ஸ்’ என்று கூப்பிடுவார்கள்.

வருந்தாதவளின் பண்ட்ஸ், சிரில் மட்ஜ்.

ஏழாவது நட்சத்திரத்துக்கு ஃபேக்ஸில் வந்த வாசகம்: “ஏஜியன் கடல், மே 1944. எதிரியின் அடையாளச் சைகைகளைப் பறக்கவிட்டபடி சென்ற சரக்குத் தோணி பீரங்கியால் மூழ்கடிக்கப்பட்டது.” நாற்பதுக்குள் வசதியாக அடங்கியிருந்தது. பொய்க்கு எப்போதும் இடம் குறைவாகவே பிடிக்கும். (இந்த வரி கொஞ்சம் அழகாக வந்துவிட்டது. சந்தேகத்துக்குரியது. ஆனாலும் இருக்கட்டும்.)

3

இனிமேல் மட்ஜின் வீட்டுக்குள் போகிறோம். அங்கே நான் இல்லை. நடந்ததை அவர் மனைவி டோரீன் பிற்பாடு என் கடையில் தேநீர் குடித்துக்கொண்டே சொன்னார். ஆகவே இதில் மட்ஜின் வசனங்கள் குறைவு, டோரீனின் வசனங்கள் அதிகம். அந்த வீட்டின் நிலவரமும் அதுதான்.

சங்கத்துக்கு வரும் கடிதங்கள் மட்ஜிடம்தான் வரும், கையெழுத்து நன்றாக இருக்கும் ஒரே உறுப்பினர் என்பதால் அவர்தான் செயலாளர். மார்ச் மாதம் கிரீஸிலிருந்து ஒரு கடிதம் வந்தது. அதை அவர் பதினோரு நாள் ரொட்டிப் பெட்டிக்கு அடியில் வைத்திருந்தார். பன்னிரண்டாம் நாள் டோரீன் பெட்டியைத் துடைக்கத் தூக்கினார்.

“என்ன இது?”

“சங்கத்துக் கடிதாசி.”

“சங்கத்துக் கடிதாசி ரொட்டி திங்குமா? யாரு இந்த எவ்தோகியா? ஐம்பது வருஷம் கழிச்சு எனக்கு ஒரு சக்களத்தியா?”

“படிச்சுப் பாரு.”

டோரீன் படித்தார். பள்ளிக்கூட ஆங்கிலம், ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக நின்றது. எவ்தோகியாவுக்கு வயது ஐம்பத்தைந்து. அவள் அப்பா ஸ்தாமாதிஸ் தோணிக்காரர். 1944 மே மாதம் அவரும் மைத்துனரும் வெங்காயம் ஏற்றிக்கொண்டு போனார்கள், திரும்பவில்லை. பல வருடம் அது வெறும் துக்கம். 1961-இல் இங்கிலாந்தில் படித்துவிட்டுத் தீவுக்குத் திரும்பிய ஓர் ஆசிரியர் ஒரு சின்னப் புத்தகம் கொண்டுவந்தார். ‘அன்ரிபென்டன்ட்: பணி வரலாறு’, சங்கத்தின் வெளியீடு. அதில் அந்தத் தேதியும் இடமும் இருந்தன. ‘எதிரியின் அடையாளச் சைகைகள்’ என்ற சொற்களும் இருந்தன. ஆசிரியர் அதைக் காப்பிக்கடையில் மொழிபெயர்த்து வாசித்தார். அன்றிலிருந்து ஸ்தாமாதிஸ், போர்க்காலத்தில் தீவைப் பிடித்துவைத்திருந்த ஜெர்மானியர்களின் ஆள். கடலில் செத்தவர்களின் பெயர்களைத் துறைமுகத்துக் கல்லில் வெட்டியபோது அவர் பெயரை விட்டுவிட்டார்கள். எவ்தோகியாவின் அம்மா இறந்தபோது வீட்டுக்கு வந்தவர் பாதிரியார் ஒருவர்தான்.

“இப்போது கல்லைப் புதுப்பிக்கிறார்கள்,” என்று கடிதம் முடிந்தது. “ஊர்த் தலைவர் சொல்கிறார்: ஆங்கிலேயர்கள் எழுதியதை ஆங்கிலேயர்களே மாற்றி எழுதினால் பெயரைச் சேர்க்கலாம். தனி ஆள் கடிதம் செல்லாது. உங்கள் காட்சிக்கூடத்தில் அந்தக் கொடியை வைக்கப்போவதாகப் பத்திரிகையில் படித்தோம். அதன் பக்கத்தில் என்ன எழுதியிருக்கிறதோ, அதன் ஒரு புகைப்படம் போதும். என் கேள்வி ஒன்றுதான். என் அப்பா என்ன கொடி கட்டியிருந்தார்?”

டோரீன் கடிதத்தை மடித்தார்.

“நீதானே கொடி பாக்குறவன். என்ன கொடி கட்டியிருந்தான் அந்த ஆளு?”

மட்ஜ் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். பிறகு சொன்னார். நாற்பத்தெட்டு வருடத் திருமண வாழ்க்கையில் முதல் தடவையாகச் சொன்னார்.

(நாற்பத்தெட்டு வருடமாகத் தோட்டத்துக் கொடிக்கயிற்றில் துணி காயப்போட மட்ஜ் விட்டதே இல்லை, டோரீன் எல்லாவற்றையும் சமையலறையிலேயே உலர்த்தினார் என்று முதல் படியில் எழுதியிருந்தேன். டோரீனிடமே கேட்டேன். “அப்படியெல்லாம் இல்ல கண்ணு, இந்த ஊர் மழைக்கு வெளிய போட்டா என்னைக்குக் காயும்?” என்றார். ஆகவே அடித்துவிட்டேன்.)

4

அந்தக் காலை.

வருந்தாதவள் நீருக்கு மேல் வந்தபோது தோணி அறுநூறு கஜ தூரத்தில் இருந்தது. கேப்டன் ஹோல்கேட் வழக்கமாக இப்படிப்பட்ட தோணிகளுக்கு முன்னால் ஒரு குண்டு போடுவார், ஆட்கள் சிறு படகில் இறங்கும்வரை காத்திருப்பார், பிறகுதான் மூழ்கடிப்பார். முதல் ஆறு நட்சத்திரங்களும் அப்படி வந்தவை. அந்த நேரத்தில் தோணியின் பாய்க்கயிற்றில் வரிசையாக வண்ணத் துணிகள் தெரிந்தன.

“பண்ட்ஸ், என்ன பறக்கவிட்டிருக்கான்?”

மட்ஜுக்கு இருபத்தொரு வயது. தொலைநோக்கியில் பார்த்தான். மஞ்சள். நீலமும் வெள்ளையும் கட்டம். நீலம், நடுவில் வெள்ளை, மறுபடி நீலம். கொடிக்காரனின் கண்ணை ஒன்றும் செய்ய முடியாது. இரண்டு வருடம் வண்ணத் துணியை எழுத்தாகவே பார்க்கப் பழக்கியிருக்கிறார்கள். கயிற்றில் மூன்று துணி சேர்ந்து தொங்கினால் அவனுக்கு அது ஒரு சொல்.

“க்யூ, என், ஜே, சார்.”

(தமிழ் வாசகருக்கு அந்த நடு எழுத்து ‘என்னுடைய’ என்று காதில் விழும். தற்செயல்தான். அதன் மேல் நான் எதையும் கட்டி எழுப்பப்போவதில்லை.)

“அப்படின்னா?”

“நம்ம புத்தகத்துல இல்ல, சார்.”

“அப்ப யாரோடது?”

இங்கேதான் மொத்தக் கதையும் நிற்கிறது. மூன்று வாரம் முன்னால் இதேபோல ஒரு கேள்விக்கு மட்ஜ் “தெரியல, சார்” என்றிருந்தான். “தெரியலன்னு சொல்றதுக்கு எனக்குக் கொடிக்காரன் எதுக்குடா? சமையல்காரனே சொல்லுவானே!” என்று கேப்டன் கத்தியதில் பீரங்கிக்காரர்கள் எல்லோரும் சிரித்தார்கள். அன்றிலிருந்து சாப்பாட்டு மேசையில் அவனுக்கு ‘தெரியல’ என்று பெயர். “தெரியல, உப்ப இங்க தள்ளு.” மூன்று வாரம், இருநூறடிக் குழாய்க்குள், முப்பது பேர்.

“அவங்களோடதா இருக்கலாம், சார்,” என்றான் மட்ஜ்.

“இருக்கலாமா, இருக்கா?”

“இருக்கு, சார்.”

எச்சரிக்கைக் குண்டு இல்லை. பன்னிரண்டு குண்டு. தோணி சாய்ந்தது. கிட்டே போனார்கள். கடலெல்லாம் வெங்காயம். பாய்க்கயிறு அறுந்து தண்ணீரில் விரிந்து கிடந்தது. அதில் ‘ஜே’ எழுத்துக்குக் கைகள் இருந்தன. இரண்டு கை, மணிக்கட்டில் பொத்தான், நீலச் சட்டையின் நடுவில் ஒட்டுப்போட்ட வெள்ளைத் துணி. கட்டம் போட்டது இன்னொரு சட்டை. மஞ்சள், ரொட்டி சுற்றி வைக்கிற துணி. ஒரு வாரம் கடலில் இருந்த இரண்டு ஆண்கள் துவைத்துக் காயப்போட்டிருந்தார்கள்.

இரண்டு பேரும் தண்ணீரில் குப்புறக் கிடந்தார்கள். விமானம் வரலாம் என்று அவர்களை மேலே எடுக்க நேரமில்லை. வெங்காயம் பொறுக்கப் பத்து நிமிடம் கிடைத்தது. வாளி வாளியாகச் சேர்த்தார்கள். அடுத்த இரண்டு வாரமும் படகு முழுக்க வெங்காய நாற்றம். ‘வெங்காயப் போர்’ என்று அதை ஐம்பது வருடமாக ஒவ்வொரு சங்க விருந்திலும் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள். நானே அந்த விருந்தின் உணவுப் பட்டியலை அடித்திருக்கிறேன். மேலே ஒரு வெங்காயப் படம் போடச் சொன்னார்கள், போட்டேன்.

பீரங்கிக்குப் பொறுப்பாக இருந்த இளம் அதிகாரி பெல்லிடம் மட்ஜ் போனான். “சார், அது துவைச்ச துணி.” பெல்லுக்கும் இருபத்திரண்டு வயதுதான். வெளிறிப்போன முகத்தோடு, “கேப்டன் பதிவுல எழுதிட்டார் பண்ட்ஸ். நீ போய் நட்சத்திரத்தத் தை,” என்றான்.

தைத்தான். (அந்த நட்சத்திரத்தை மிதந்துவந்த சட்டையிலிருந்தே வெட்டினான் என்று எழுத எனக்குக் கை துறுதுறுக்கிறது. இல்லை. படகின் தலையணை உறையிலிருந்து வெட்டினான்.)

5

பெல் பிற்பாடு கமாண்டர் ஆஸ்வால்ட் பெல் ஆனார், சங்கத் தலைவர் ஆனார். அந்தப் பணி வரலாற்றுப் புத்தகத்தை எழுதியவரும் அவர்தான். இப்போது எனக்கு ஃபேக்ஸ் அனுப்பியவரும் அவர்தான். ஒரு கதைக்கு வில்லன் இவ்வளவு வேலை செய்யலாமா என்று என் மனைவி கேட்டாள். சின்னச் சங்கம், ஆள் பற்றாக்குறை.

அவரை முதல் படியில் மீசையும் பளபளக்கும் ஷூவுமாகக் கொடுமைக்காரராக எழுதினேன். நேரில் அவர் மூட்டுவலிக்காரர், நடுங்கும் கையால் எல்லோருக்கும் தன் செலவில் பீர் வாங்கித் தருவார். இது எனக்குப் பெரிய தொந்தரவு.

ஞாயிறு மதியம் சங்கக் கூடத்தில் மட்ஜ் அவர் முன்னால் போய் நின்றார். எழுபத்திரண்டு வயது ஆள் எழுபத்து மூன்று வயது ஆள் முன்னால் விறைப்பாக நின்றார். கையில் எவ்தோகியாவின் கடிதம்.

“உக்காரு பண்ட்ஸ். ஆட்டுக்கறி நல்லாருக்கு இன்னைக்கு.”

“ஏழாவது அட்டைய மாத்தணும், சார்.”

பெல் கடிதத்தைப் படித்தார். கண்ணாடியைக் கழற்றினார்.

“பாவம்தான் இந்தப் பொண்ணு. வெள்ளிக்கிழமை கூடத்தத் திறந்துவைக்க யார் வர்றா தெரியுமா உனக்கு? ஹோல்கேட்டோட மகள். அவளுக்கு மூணு வயசுல அப்பா செத்தார். அவர்கிட்டேர்ந்து அவளுக்கு மிஞ்சினது ஒரு பதக்கமும் இந்தக் கொடியும்தான். அவ கைல கத்தரிக்கோலக் குடுத்து, ‘நாடாவ வெட்டும்மா, உங்கப்பா துணி காயப்போட்டவனச் சுட்டார்’ன்னு சொல்லச் சொல்றியா?”

“அவர் சுடல, சார். நான் படிச்சேன், அவர் நம்பினார்.”

“அப்ப உம்மேல போட்டுக்கறியா?”

“ஆமா, சார்.”

“உன் பேரன் அந்தக் கூடத்துக்குப் பள்ளிக்கூடத்தோட வருவான்.”

மட்ஜ் அதை நினைத்திருக்கவில்லை.

“எனக்கும் தெரியும் பண்ட்ஸ்,” என்றார் பெல், குரலைத் தாழ்த்தி. “நீ சொன்ன அன்னைக்கே தெரியும். புத்தகம் எழுதறப்போ அந்த வரியில ரெண்டு நாள் நின்னேன். அப்புறம் எல்லாரும் எழுதற மாதிரி எழுதிட்டேன். அந்தப் புத்தகம் தீவு வரைக்கும் போகும்னு யார் கண்டா? காஸ்போர்ட்லயே எவனும் வாங்கல.”

“போயிருச்சே, சார்.”

“அட்டை மாறாது. உக்காந்து சாப்பிடு.”

இங்கே மட்ஜ் தட்டை வீசிவிட்டு வெளியேறினார் என்று எழுதினால் வாசகருக்குத் திருப்தியாக இருக்கும். அவர் உட்கார்ந்து சாப்பிட்டார். ஐம்பது வருடக் கீழ்ப்படிதல் முழங்காலில் இருக்கிறது, மனதைக் கேட்டுக்கொண்டு மடங்குவதில்லை. வீட்டுக்கு வந்ததும் டோரீனிடம் வாங்கிக் கட்டிக்கொண்டார்.

“என்னது, சாப்டியா? புதினாச் சட்னி வேற ஊத்திக்கிட்டியா?”

6

புதன்கிழமை இருவரும் என் கடைக்கு வந்தார்கள். நான் இப்போது கதைக்குள் நுழைகிறேன். இதுவரை மற்றவர்களைக் கிண்டல் செய்துகொண்டிருந்தது சுகமாக இருந்தது.

திட்டம் டோரீனுடையது. நான் ஒரே ஓர் அட்டை கூடுதலாக அடிக்க வேண்டும். அதே அளவு, அதே எழுத்து, கீழே சங்கத்தின் நங்கூரச் சின்னம். வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு அட்டைகளை மாட்டப்போகிறவன் நான்தான். ஏழாவது நட்சத்திரத்துக்குப் பக்கத்தில் முதலில் கூடுதல் அட்டையை மாட்ட வேண்டும். டோரீன் படம் எடுப்பார். உடனே கழற்றிவிட்டு அசலை மாட்டிவிடலாம். ஹோல்கேட்டின் மகள் வருவது பதினொன்றுக்கு. எல்லாம் இரண்டு நிமிட வேலை.

போலி அட்டையில் உண்மை இருக்கும், அசல் அட்டையில் பொய் இருக்கும். இது என் கற்பனை என்றால் எனக்குப் பெருமையாக இருக்கும்.

“சங்கத்தோட எழுத்துப்பூர்வ அனுமதி இல்லாம நான் எப்படி...” என்றேன்.

“நீ அச்சடிக்கிறவன்தானே கண்ணு, போப்பாண்டவரா?” என்றார் டோரீன்.

“அவங்க வேலையெல்லாம் எனக்குத்தான் வருது, மிஸஸ் மட்ஜ். இது தெரிஞ்சா—”

“தெரிஞ்சா என்ன, உன்னைச் சுட்டுருவாங்களா? பன்னிரண்டு குண்டா?”

மட்ஜ் அவர் கையைத் தொட்டு நிறுத்தினார். நான் வேறெங்கும் பார்க்க முடியாமல் தட்டச்சுப் பலகையைப் பார்த்தேன். ஃபேக்ஸில் வந்த பொய்யை நான் கேள்வி கேட்காமல் அழகாக வரி பிரித்து வைத்திருந்தேன். நான் வாசகங்களைப் படிப்பதில்லை, அளவு மட்டும் பார்ப்பேன் என்று ஊரெல்லாம் பெருமையாகச் சொல்லிக்கொண்டவன் நான். அன்றைக்கு எனக்கு என் மேலேயே வெறுப்பாக இருந்தது. உட்கார்ந்து தட்டினேன்.

முதலில் நான் எழுதியது: “தோணியில் காய்ந்த துணிகளைக் கொடிக்காரன் தவறுதலாக எதிரியின் சைகை என்று படித்தான்.”

மட்ஜ் திரையில் விரலை வைத்தார். “‘தவறுதலா’ங்கிறத எடு.”

“தவறுதானே, மிஸ்டர் மட்ஜ்?”

“தப்பாப் படிச்சிருந்தாத்தான் தவறு. நான் படிக்கவே இல்ல. அது என்னன்னு எனக்குத் தெரியல. தெரியலங்கிறதும் எனக்குத் தெரியும். சொன்னா மறுபடி சிரிப்பாங்களேன்னு வாய மூடிக்கிட்டேன். ரெண்டு பேர் செத்தது என் கூச்சத்துக்காக. அதத் தவறுன்னு போட்டா நான் தப்பிச்சுருவேன்.”

டோரீன் அவரைப் பார்த்தார். அந்தப் பார்வையை விவரிக்க ஒரு பத்தி எழுதி, அடித்துவிட்டேன். அவர் கைப்பையைத் திறந்து, கைக்குட்டையைத் தேடுவதுபோல வெகுநேரம் தேடினார்.

“இன்னும் ஒரு சொல்லுக்கு இடம் இருக்கு,” என்றேன் எண்ணிப் பார்த்து.

“எம் பேரப் போடு.”

“சிரில் மட்ஜ், ரெண்டு சொல்.”

“மட்ஜ் போதும்.”

“பேரன் பாப்பானே,” என்றேன். அது இரண்டு நிமிட அட்டை, எந்தப் பேரனும் பார்க்கப்போவதில்லை என்பது சொன்ன பிறகுதான் எனக்கு உறைத்தது.

“பாக்கட்டும்,” என்றார் மட்ஜ். அவர் இரண்டு நிமிடத்தை நினைத்துச் சொன்னதாக எனக்குத் தோன்றவில்லை.

அட்டை இப்படி முடிந்தது. ஆங்கிலத்தில் சரியாக நாற்பது சொல். தமிழில் எண்ணிப் பார்த்து எனக்குக் கடிதம் போடாதீர்கள்.

“ஏஜியன் கடல், மே 1944. வெங்காயத் தோணி. இருவர் இறந்தனர். கொடி எதுவும் பறக்கவில்லை. துவைத்த துணி காய்ந்துகொண்டிருந்தது. அது என்னவென்று கொடிக்காரன் மட்ஜுக்குத் தெரியவில்லை. தெரியவில்லை என்று அவன் சொல்லவில்லை. தோணிக்காரர் ஸ்தாமாதிஸ் எவருக்கும் சைகை காட்டவில்லை.”

7

முடிவுகள். என்னிடம் சில இருக்கின்றன.

அ) படம் எடுக்கிறார்கள், அட்டையைக் கழற்றுகிறார்கள், படம் தீவுக்குப் போகிறது, கல்லில் பெயர் ஏறுகிறது. காட்சிக்கூடத்தில் பொய் தொடர்ந்து தொங்குகிறது. எல்லோருக்கும் மகிழ்ச்சி. (இதை எழுதும்போது எனக்கு வாயில் புளித்தது.)

ஆ) ஃபிலிம் பழசு, படம் கறுப்பாக வருகிறது. (வாசகர் புத்தகத்தை என் தலையில் எறிவார்.)

இ) ஹோல்கேட்டின் மகள் சீக்கிரமே வந்து, அட்டையைப் படித்து, அழுது, மட்ஜைக் கட்டிக்கொள்— (வேண்டாம். சத்தியமாக வேண்டாம்.)

நடந்ததை நடந்த வரைக்கும் சொல்கிறேன். வெள்ளிக்கிழமை பத்து மணி பத்து நிமிடம். நான் ஏணிமேல். கண்ணாடிப் பெட்டிக்குள் கறுப்புக் கொடி, அதற்கு மேலே சுவரில் ஆறு அட்டைகளை மாட்டி முடித்து, ஏழாவதை மாட்டினேன். அசல் என் சட்டைப்பையில் இருந்தது. கீழே மட்ஜ், ஞாயிற்றுக்கிழமைக் கோட்டும் பதக்கங்களுமாக. டோரீன் மருமகனிடம் இரவல் வாங்கிய கேமராவைக் கண்ணில் வைத்து, “இது எந்தப் பக்கம் பாக்குறது?” என்று திட்டிக்கொண்டிருந்தார்.

கதவு திறந்தது. பெல். நாடாவும் கத்தரிக்கோலும் கையில். நாற்காலிகளை அடுக்கச் சீக்கிரமே வந்துவிட்டார்.

“என்ன பண்ட்ஸ், நேரத்துலயே வந்துட்ட?” என்றபடி நேராகக் கொடியிடம் வந்தார். மேலே பார்த்தார். கண்ணாடியை எடுத்துப் போட்டுக்கொண்டார். ஏழாவது அட்டைக்கு நேராக, கேமராவுக்கும் அதற்கும் நடுவில், தன் அகலமான முதுகோடு நின்று படித்தார். அட்டையைச் சட்டென்று பிடுங்கிவிடலாமா என்றுகூட நினைத்தேன். ஆம், நினைத்தேன், எழுதிவிடுகிறேன்.

மட்ஜ் விறைப்பாக நிற்கவில்லை என்பதை அப்போதுதான் கவனித்தேன். இரண்டு கைகளையும் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டு, சாதாரணமாக, பேருந்துக்கு நிற்கிற ஆள் மாதிரி நின்றார்.

பெல் கடைசிச் சொல்லுக்கு வந்துவிட்டார். திரும்பவில்லை. மறுபடி முதலிலிருந்து படிக்கிறார் என்று தலை அசைவில் தெரிந்தது. இன்னும் ஐம்பது நிமிடத்தில் ஒருத்தியின் மகிழுந்து வந்து நிற்கும். இன்னொருத்தி ஏதோ ஒரு தீவில் தபால்காரனுக்காகக் காத்திருக்கிறாள்.

“யாராவது சொல்லுங்க இத,” என்றார் பெல், சுவரைப் பார்த்தபடியே. யாரிடம், எதைச் சொல்லச் சொன்னார் என்று எனக்குத் தெரியாது.

மட்ஜ் சொல்ல வேண்டியது சுவரில் இருந்தது.

டோரீன் கேமராவைத் தாழ்த்தாமல் சொன்னார்:

“கமாண்டர், கொஞ்சம் நகருங்க. மறைக்கிறீங்க.”

பெல்லின் வலது கால் தரையிலிருந்து எழும்பியது. அதை ஒதுங்கி வைப்பதா, அட்டையை நோக்கி வைப்பதா என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும். சீக்கிரம் சொல்லுங்கள், பாவம், அவருக்கு மூட்டுவலி.